எகிப்துக்காரி எடுத்த படங்கள்

அமெரிக்காவில் எடிசன் என்ற ஊரில் நாங்கள் குடியிருந்த அபார்ட்மென்டில் அவளை முதன்முதலாகப் பார்த்த அன்றே எனக்கு அவள்மேல் பொறாமை வந்துவிட்டது. காரணம் சினிமா இல்லை, கிரீன் கார்டு.

துணி துவைக்கும் மெஷின்கள் எங்கள் கட்டடத்தின் பேஸ்மென்டில் இருந்தன. நான் கூடையோடு இறங்கிப் போனபோது ஒருத்தி ஓடிக்கொண்டிருந்த மெஷின்மேல் ஏறி உட்கார்ந்து, கால்களை ஆட்டியபடி போனில் அரபியில் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள். நல்ல உயரம். அடங்காத சுருட்டை முடி. போனை வைத்ததும் என்னைப் பார்த்து, "இந்தியாவா?" என்று கேட்டாள். உடனே ஒரு ஹிந்தி நடிகரின் பெயரைச் சொல்லிக் கட்டைவிரலை உயர்த்தினாள். அவள் சிறுமியாக இருந்த காலத்தில் கெய்ரோவே அவருக்காக உயிரை விட்டதாம். அவர் படம் ஒன்றைக்கூட நான் பார்த்ததில்லை என்றேன். நான் இந்தியாவிலிருந்து வந்ததாகப் பொய் சொல்கிறேனோ என்பதுபோல மேலும் கீழும் பார்த்தாள்.

பேச்சு சீக்கிரமே விசாவில் வந்து நின்றது. "எங்களுக்கு லாட்டரியில் விழுந்தது," என்றாள். கிரீன் கார்டுக்காக அமெரிக்க அரசு நடத்தும் குலுக்கலுக்கு, மருந்துக்கடையில் பார்மசிஸ்டாக இருந்த அவள் கணவர் விளையாட்டாக விண்ணப்பம் போட, பெயர் வந்துவிட்டதாம். கார்டு உறுதியான பிறகுதான் விமானம் ஏறியிருக்கிறார்கள். எங்கள் நாட்டுக்காரர்களுக்கு அந்த லாட்டரியே கிடையாது. என் கணவர் வேலையின் மூலம் ஒரு வரிசையில் நின்றுகொண்டிருந்தார். மகளுக்குக் கல்யாணம் ஆவதற்குள் கார்டு வந்தால் அதிர்ஷ்டம் என்று அவருடைய நண்பர்கள் சொல்லிச் சிரிக்கும் வரிசை அது. என்னுடையது டிபென்டன்ட் விசா. வேலைக்குப் போக முடியாது. இவளோ எங்கே வேண்டுமானாலும் வேலை பார்க்கலாம், எப்போது வேண்டுமானாலும் ஊருக்குப் போய்த் திரும்பலாம். அதைப் பற்றி எந்த யோசனையும் இல்லாமல் காலை ஆட்டிக்கொண்டிருக்கிறாள்.

"இங்க வேலை பார்க்கிறியா?" என்று கேட்டேன்.

"தேடிட்டு இருக்கேன். நான் டைரக்டர்."

"எந்தக் கம்பெனியில?" என்றேன். எங்கள் வட்டத்தில் டைரக்டர் என்றால் ஐடி கம்பெனியில் மேனேஜருக்கு மேலே உட்கார்ந்திருப்பவர்.

"சினிமா டைரக்டர்," என்றாள்.

"நான் எடிட்டர். சினிமா எடிட்டர்," என்று என் வாய் சொன்னது. இந்த நாட்டில் கால் வைத்ததிலிருந்து அந்த வார்த்தையை நான் யாரிடமும் சொன்னதில்லை. உண்மையில் நான் அசிஸ்டன்ட் எடிட்டர். சாலிகிராமத்தில் ஒரு மாடி அறையில், திரை போட்டு இருட்டாக்கிய ஏசி குளிரில், பெரிய எடிட்டர் ஒருவருக்குக் கீழே வேலை பார்த்தவள். படம் முடிந்து எல்லாரும் எழுந்து போகும்போது ஓடும் பெயர்களில் நாலாவதாக என் பெயர் வரும்.

அவள் மெஷினிலிருந்து குதித்து இறங்கி என்னைக் கட்டிப்பிடித்தாள். என் கூடை கவிழ்ந்து, துவைக்காத துணியெல்லாம் தரையில் கொட்டியது.

அதன்பிறகு தினமும் பார்த்தோம். பேசியதெல்லாம் ஆங்கிலத்தில்தான். அவளுடையதில் அரபு வாடை, என்னுடையதில் தமிழ் வாடை. அப்போது என் மகளுக்கு ஐந்து வயது. எகிப்தில் ஆன்ட்டியை 'தாந்த்' என்பார்கள். மகளும் அவளை அப்படித்தான் கூப்பிட்டாள். அவள் செய்யும் முலுகியா என்கிற கீரைக் குழம்பு வெண்டைக்காய்போல வழவழவென்றிருக்கும். நான் வைக்கிற கீரையைத் தொடாத மகள் அதைத் தட்டை வழித்துச் சாப்பிட்டாள். என் கணவரும்தான். "இதுல பூண்டு என்னமா வாசம் அடிக்குது பாரேன். நீயும் கேட்டு வச்சுக்கோ," என்பார். நான் கேட்டு வைத்துக்கொள்ளவில்லை.

தன் கதையை அவள் துணி மடித்துக்கொண்டே துண்டு துண்டாகச் சொன்னாள். அப்பா வரி அலுவலகத்தில் குமாஸ்தா. அம்மாவும் அதே அலுவலகத்தில் வேறு மாடியில் வேலை பார்த்தார். பிள்ளை டாக்டராக வேண்டும் என்பது அவர்கள் கனவு. இவள் யாருக்கும் சொல்லாமல் சினிமாக் கல்லூரி நுழைவுத் தேர்வை எழுதித் தேறிவிட்டு, ஒரு வாரம் கழித்துத்தான் வீட்டில் சொன்னாள். அப்பா ஒரு மாதம் பேசவில்லை. படித்து முடித்தபின் ரம்ஜான் மாதத்துக்காக எடுக்கும் டிவி தொடர்களில் உதவி இயக்குநரானாள். அங்கே அந்த ஒரு மாதத்துக்குத் தினம் ஒரு பகுதி என்று போடுவார்களாம், ஊரே பார்க்குமாம். நடிகைகளின் கூந்தல் முந்தின ஷாட்டில் எந்தத் தோளில் கிடந்தது என்பதைக் கவனிப்பதிலேயே பல வருடங்கள் ஓடின. ஒருவழியாக ஒரு தயாரிப்பாளர் கிடைத்து, முதல் படம் எடுத்து, பெருநாளுக்கு வெளியிட்டாள். பெரிய ஹீரோ படங்களுக்கு நடுவே வந்த அது ஒரு வாரம்கூட ஓடவில்லை. அதற்குப் பிறகு தயாரிப்பாளர்கள் போனை எடுப்பதை நிறுத்திவிட்டார்கள். கணவருக்கு லாட்டரி விழுந்ததும் கிளம்பி வந்துவிட்டாள்.

"தோத்துப்போய்த்தான் வந்தேன்," என்று உள்ளாடைகளை மடித்தபடி சொன்னாள்.

நான் அவளைத் தட்டிக்கொடுத்தேன். மனசுக்குள் ஓடியது வேறு. தோற்பதற்காவது உனக்கு ஒரு படம் இருந்ததே!

ஒரு குளிர்காலத்தில் அவள் ஒரு குறும்படம் எடுத்தாள். இடம் எங்கள் துணி துவைக்கும் அறைதான், கேமரா அவளுடைய போன். பாஷை தெரியாத இரண்டு பெண்கள் ஒருத்தி துணியை மற்றவள் மடித்துக் கொடுப்பதுதான் கதை. நடித்தவர்கள் மூன்றாம் மாடியில் இருந்த குஜராத்திப் பெண்மணியும் அவளுடைய நாத்தனாரும். எடிட்டிங் என் சாப்பாட்டு மேஜையில், என் கணவரின் பழைய லேப்டாப்பில் நடந்தது.

அந்த நாட்களை எப்படிச் சொல்வது? மகளைப் பள்ளியில் விட்டுவிட்டு வருவேன். அவள் காபியோடு காத்திருப்பாள். இரண்டு நாற்காலிகளை ஒட்டிப் போட்டுக்கொள்வோம். ஒரு ஷாட்டை எங்கே வெட்டுவது என்று மணிக்கணக்கில் சண்டை போடுவோம். நாத்தனார் ஒரு குழந்தைச் சட்டையை எடுத்து முகர்ந்து பார்ப்பதை அவள் நீளமாக எடுத்திருந்தாள். அப்படியே வைக்கவேண்டும் என்றாள்.

"மோந்து பார்த்த உடனே வெட்டணும். அதுக்கு மேல இருந்தா அழுவாச்சியாயிடும்," என்றேன்.

"அழட்டுமே."

"பார்க்கிறவங்க அழணும். அவங்க அழக்கூடாது."

மறுநாள் காலை, "நீ சொன்ன மாதிரியே வெட்டு," என்று முறைத்துக்கொண்டே சொன்னாள். நான் அமெரிக்கா வந்தபிறகு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது அன்றைக்குத்தான்.

படத்தை முதலில் பொது நூலகத்தில் போட்டார்கள். பிறகு நியூயார்க்கில் ஒரு விழாவில் தேர்வானது. போகவேண்டிய அன்று மகளுக்குக் காய்ச்சல், நான் போகவில்லை. ஒரு இணையதளத்தில் அந்தச் சட்டை காட்சியைக் குறிப்பிட்டு, சரியான இடத்தில் நிறுத்தத் தெரிந்த இயக்குநர் என்று பாராட்டி எழுதியிருந்தார்கள். அவள் அதை எனக்கு அனுப்பி, "பார், உன் வெட்டு!" என்று கூடவே எழுதினாள். விழா மேடையிலும் என்னைப் பற்றிச் சொன்னாளாம். அவள் பக்கம் ஒரு குறையும் கிடையாது. அதுதான் கஷ்டம். கோபப்படுவதற்கு ஒரு காரணம் கொடுத்திருந்தால் எனக்கு எவ்வளவோ வசதியாக இருந்திருக்கும்.

அந்த விழாவில் அறிமுகமான ஒருவர் மூலம் அவளுடைய முழுநீளப் படத்துக்கு வழி பிறந்தது. வரி அலுவலகத்தில் ஓய்வுபெறப்போகும் ஒரு பெண்ணின் கடைசி வாரத்தைப் பற்றிய கதை. கெய்ரோவில் எடுக்கவேண்டும். ஓட்டமாக என் வீட்டுக்கு வந்தாள்.

"நீயும் வர்றே. மூணு மாசம். பொண்ணையும் கூட்டிட்டு வா. அவ எங்க அம்மாகிட்ட இருப்பா. நீயும் நானும் எடிட் பண்ணுவோம்."

என் கணவரிடம் சொன்னேன். அவர் வேண்டாம் என்று சொல்பவர் இல்லை. "பாஸ்போர்ட்ல விசா ஸ்டாம்பிங் பண்ணணுமே. வெளிய போனா திரும்பி வர்றப்போ கான்சுலேட்ல என்ன கேப்பாங்கன்னு தெரியாது. ரிஸ்க்தான். ஆனா நீ போகணும்னா போ, பார்த்துக்கலாம்," என்றார்.

நான் விசாவைக் காரணம் காட்டி வரமுடியாது என்று சொல்லிவிட்டேன். அவளும் நம்பினாள். விசா பாதிக் காரணம். மீதிக் காரணம் பயம். சாப்பாட்டு மேஜையில் ஒரு குறும்படத்தை வெட்டுவது வேறு. நிஜமான எடிட்டிங் அறையில், நிஜமான ஆட்களுக்கு முன்னால் உட்கார்ந்து, எனக்கு ஒன்றும் வராது என்று தெரிந்துபோனால்?

அவள் போனாள். அவளுடைய கணவர் போகக்கூடாது என்றார். அதையும் மீறிப் போனாள்.

கெய்ரோவிலிருந்து வாட்ஸப்பில் குரல் செய்திகள் வரத் தொடங்கின. அந்தச் சமயத்தில் எனக்கு வேலை செய்யும் அனுமதி வந்திருந்தது. ஒரு மருத்துவமனையில் ஊழியர் பயிற்சி வீடியோக்களை எடிட் செய்யும் வேலை கிடைத்தது. கை கழுவுவது எப்படி, நோயாளியைப் படுக்கையிலிருந்து தூக்குவது எப்படி. காலையில் ஃப்ரீவேயில் ஓட்டிக்கொண்டே அவள் செய்திகளைக் கேட்பேன். பின்னணியில் கெய்ரோவின் ஹாரன்கள் விடாமல் அலறும். யாரோ கத்துவார்கள், யாரோ சிரிப்பார்கள். அவள் மூச்சு வாங்கிக்கொண்டே, கதாநாயகி சண்டை போட்டதையும், லிஃப்ட் நின்றுபோய் கேமராவை மாடிப்படியில் தூக்கிக்கொண்டு ஏறியதையும் சொல்வாள். என் காரில் ஏசி சத்தம் மட்டும் கேட்கும். அந்த ஹாரன் ஒலியைக் கேட்டாலே எனக்கு வயிறு எரியும்.

அதைவிட மோசமானது, "என் எடிட்டர் சொல்றாங்க" என்று தொடங்கும் செய்திகள். என் எடிட்டர்! கெய்ரோவில் அவளுக்கு வயதான ஒரு பெண் எடிட்டர் கிடைத்திருந்தாள். கறாரான ஆள், நாள் முழுக்க டீ குடிப்பாள், யாருக்கும் பயப்படமாட்டாள் என்று என் தோழி புகழ்ந்து தள்ளினாள். நான் பார்த்தே இராத அந்தப் பெண்மணியை, கணவனுடைய வேறொரு சிநேகிதத்தை நினைப்பதுபோல நினைத்துக்கொண்டிருந்தேன். என் தோழியின் பக்கத்தில் போட்டிருக்கும் நாற்காலியில் இப்போது அந்த அம்மாள் உட்கார்ந்திருப்பாள். ஷாட்டைப் பார்த்து இருவரும் சண்டை போடுவார்கள். மறுநாள் காலை, "நீ சொன்ன மாதிரியே வெட்டு," என்று என் தோழி சொல்வாள்.

ஒரே ஒரு நினைப்பில் ஆறுதல் தேடினேன். நான் இல்லாததால் படம் கொஞ்சமாவது குறையுள்ளதாக இருக்கும். எங்கேயாவது இழுக்கும். அந்தச் சட்டை ஷாட்டைப்போலக் கேமரா தேவைக்கு மேல் நின்றுகொண்டிருக்கும். பார்க்கிறவர்களுக்குத் தெரியாது, எனக்குத் தெரியும். அது போதும்.

படம் வெளிவர வருடங்கள் பிடித்தன. இடையில் அவளுக்கு விவாகரத்து ஆனது. நாங்கள் பிரிட்ஜ்வாட்டரில் வீடு வாங்கிக் குடிபோனோம். படம் பல ஊர்களுக்குப் போய்ப் பரிசுகள் வாங்கிக்கொண்டு, ஒருநாள் மன்ஹாட்டனுக்கும் வந்தது. அவளே டிக்கெட் அனுப்பியிருந்தாள். நானும் கணவரும் மகளும் ரயிலில் போனோம். மகள் அப்போது மிடில் ஸ்கூலில் இருந்தாள்.

படத்தின் நடுவில் ஒரு காட்சி. ஓய்வுபெறப்போகும் பெண் அலுவலகத்தில் தனியாக உட்கார்ந்து மதியச் சாப்பாடு சாப்பிடுகிறாள். ரொட்டி, கொஞ்சம் சீஸ், ஒரு வெள்ளரிக்காய். வெள்ளரிக்காயை நறுக்கி முடித்ததும், இங்கே வெட்டு என்று என் விரல் தானாக அசைந்தது. படம் வெட்டவில்லை. அவள் சாப்பிடுகிறாள். இப்போதாவது வெட்டு. வெட்டவில்லை. அவள் மென்றுகொண்டே இருக்கிறாள். தியேட்டரில் யாரோ நெளிந்தார்கள். எனக்கு உள்ளுக்குள் குளுகுளுவென்று இருந்தது. பார்த்தாயா, சொதப்பிவிட்டார்கள்.

அப்போது அந்தப் பெண், எதிரே இருந்த காலி நாற்காலிப் பக்கம் வெள்ளரிக்காய்த் துண்டு ஒன்றை நகர்த்தி வைத்தாள். வைத்துவிட்டு, தான் செய்ததைத் தானே பார்த்தாள். பிறகு அதை எடுத்து வாயில் போட்டுக்கொண்டாள். அவ்வளவுதான். அங்கே வெட்டு.

எனக்குப் பக்கத்தில் என் கணவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

நான் என்றால் அதற்கு வெகு முன்பே வெட்டியிருப்பேன். அந்த வெள்ளரிக்காய்த் துண்டைக் குப்பையில் போட்டிருப்பேன், படத்தையே கொன்றிருப்பேன். அந்த நாற்காலியில் என்னைவிடக் கெட்டிக்காரி ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். அதுவரை நான் பட்டது பொறாமையே இல்லை என்று அப்போதுதான் தோன்றியது. மற்றவளுக்குக் கிடைத்ததே என்று எரிவது ஒரு வகை. கிடைக்கவேண்டியவளுக்குத்தான் கிடைத்திருக்கிறது என்று தெரிந்துகொண்டு எரிவதற்கு மருந்து கிடையாது.

படம் முடிந்து கேள்வி பதில் நடந்தது. மேடையில் அவள் கறுப்பு உடையில், அதே அடங்காத முடியோடு நின்றாள். எல்லாரும் கைதட்டினார்கள். நானும் கை வலிக்கத் தட்டினேன். வெளியே வந்து கட்டிப்பிடித்தபோது, "ரொம்ப நல்லா வந்திருக்கு, வாழ்த்துகள்," என்றேன். அவள் என்னை ஒரு மாதிரி பார்த்தாள். அதற்குள் யாரோ அவளை இழுத்துக்கொண்டு போய்விட்டார்கள்.

திரும்பும் ரயிலில் மகள் கேட்டாள். "தாந்த் இஸ் சோ கூல். அம்மா, ஹவ் டிட் யூ டூ ஈவன் பிகம் ஃப்ரெண்ட்ஸ்?"

"அவ இங்க எடுத்த முதல் படம் நாங்க ரெண்டு பேரும் சேர்ந்துதானே எடிட் பண்ணோம். நான் எடிட்டர்டி."

"லைக் த ஹாஸ்பிட்டல் வீடியோஸ்?"

"இல்ல. சினிமா. சென்னையில."

"வெயிட், ரியலி? யூ நெவர் டோல்ட் மீ."

என் கணவர் என்னைப் பார்க்காமல் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

அடுத்த வருடம் அவள் ஒரு வாரம் எங்கள் வீட்டில் வந்து தங்கினாள். பக்கத்து ஊர்ப் பல்கலைக்கழகத்தில் படத்தைப் போட்டுப் பேச வந்திருந்தாள். ஒரு மாலை சமையலறையில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தவள், வீட்டைச் சுற்றிப் பார்த்துவிட்டு, "உன்னைப் பார்த்தா பொறாமையா இருக்கு. வீடு, புருஷன், பொண்ணு. எனக்கு ஒரு சூட்கேஸ்தான் இருக்கு," என்றாள்.

எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. "பொய் சொல்லாதே. இந்த வீட்டை வச்சுக்கோ, அந்தப் படத்தைக் குடுன்னா குடுப்பியா?"

அவள் யோசித்தாள். உண்மையாகவே யோசித்தாள். "மாட்டேன்," என்றாள்.

"அப்ப அந்த மாதிரி பேசாதே. எனக்குத்தான் பொறாமை. உன்மேல, உன் எடிட்டர்மேல, அந்த ஊர் ஹாரன்மேல, எல்லாத்துமேலயும். உன் போன் வந்தாலே எரியுது. அதை நான் சமாளிச்சுக்கறேன். ஆறுதலுக்காக என்னைப் பார்த்துப் பொறாமைன்னு சொல்லாதே."

அவள் கத்தியைக் கீழே வைத்தாள்.

"எனக்குத் தெரியாதுன்னு நினைச்சியா? நீ வாழ்த்துகள்னு சொன்னா ஏர்போர்ட்ல அறிவிப்பு குடுக்கிற மாதிரி இருக்கு. அன்னிக்கு மன்ஹாட்டன்ல உன்கிட்ட ஒண்ணே ஒண்ணுதான் கேக்கணும்னு இருந்தேன். அந்த வெள்ளரிக்காய் சீன் சரியா இருக்கான்னு. ஊர்ல எல்லாரும் நல்லாயிருக்குன்னு சொல்றாங்க. எனக்கு உன் வாயால கேக்கணும். நீ வாழ்த்து சொல்லிட்டுப் போயிட்டே."

"சரியா இருக்கு," என்றேன். "நான்னா கெடுத்திருப்பேன்."

"ஆமா," என்றாள் அவள். "கெடுத்திருப்பே. நீ எங்க வெட்டியிருப்பியோ அங்கயே வெட்டணும்னு என் எடிட்டரோட ஒரு வாரம் சண்டை போட்டேன். உன் பக்கமா நின்னு சண்டை போட்டேன். அவங்கதான் ஜெயிச்சாங்க."

அன்றைக்கு வெங்காயத்தின்மேல் பழி போட்டு இரண்டு பேரும் கொஞ்சம் அழுதோம். ஆனால் அதோடு என் பொறாமை போய்விட்டது என்று எழுதினால் அது சுத்தப் பொய். அவள் இப்போது பெரிய ஆள். விழாக்களில் நடுவராக உட்காருகிறாள். ஒவ்வொரு புகைப்படம் வரும்போதும் எரிகிறது. லைக் போட்டுவிட்டுக் கை கழுவும் வீடியோவுக்குத் திரும்புகிறேன். வேலை நேரம் போக, சின்னப் படங்கள் எடுக்கும் இங்கத்துப் பிள்ளைகள் சிலருக்கு எடிட் செய்து கொடுக்கிறேன். அவர்கள் என்னை ஆன்ட்டி என்று கூப்பிட்டுக்கொண்டே என் வெட்டுகளோடு சண்டை போடுகிறார்கள்.

சென்ற மாதம் அவளுடைய புதிய படம் வந்தது. விமர்சனங்கள் மோசம். படித்ததும் எனக்கு வந்தது மகிழ்ச்சிதான், மறைப்பானேன்? ஒரு டீ போட்டு நிதானமாகக் குடித்தேன். அவள் லிங்க் அனுப்பியிருந்தாள். பார்த்தேன். நிஜமாகவே படம் சரியில்லை. பாதிக்குமேல் பார்க்கையில் டீயும் மகிழ்ச்சியும் ஆறிப்போயின. எங்கே தப்பு என்று எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. வாழ்த்து எதுவும் சொல்லாமல், எந்தெந்தக் காட்சி எங்கெங்கே கெட்டது என்று நீளமாக எழுதி அனுப்பினேன்.

மறுநாள் ஓக் ட்ரீ ரோடில் காய்கறி வாங்கிவிட்டுக் காரில் ஏறும்போது போன் வந்தது. எடுத்த உடனே கத்தினாள்.

"கல்யாண சீனை முழுக்கத் தூக்கணும்னு எழுதியிருக்கே. பைத்தியமா உனக்கு? அதுதான் படமே!"

"அதுதான் படத்தோட வியாதி," என்றேன்.

"சரி, நீயா இருந்தா என்ன பண்ணியிருப்பே? சொல்லு."

டிக்கியில் கொத்தமல்லிக் கட்டு வெயில் சூட்டில் வாடிக்கொண்டிருந்தது. பின்னால் ஒருவர் என் பார்க்கிங் இடத்துக்காக இண்டிகேட்டர் போட்டுக் காத்திருந்தார். அவருக்குக் கையைக் காட்டி நான் போகப்போவதில்லை என்று சொல்லிவிட்டு, முதல் காட்சியிலிருந்து ஆரம்பித்தேன்.

நடுநடுவே அவள், "இல்லை, தப்பு. இல்லை, தப்பு," என்று சொல்லிக்கொண்டே இருந்தாள்.